சீர்திருத்தக் காலத்துப் பெண்கள்: மடங்கள் மூடப்பட்டதால் பெற்றது என்ன, இழந்தது என்ன?

நெய்தல் கேட்டது:

வணக்கம். 1517-இல் விட்டன்பர்க்கில் தொடங்கிய சமயச் சீர்திருத்தத்தையும், அதே நூற்றாண்டில் கத்தோலிக்கத் திருச்சபைக்குள் நிகழ்ந்த புதுப்பித்தலையும் பற்றிச் சில காலமாகப் படித்து வருகிறேன். பெண்களைப் பற்றிய பகுதிக்கு வரும்போதெல்லாம் ஒன்றுக்கொன்று முரணான இரண்டு கூற்றுகள் எதிர்ப்படுகின்றன. சீர்திருத்தத் தலைவர்களான லூத்தரும் கால்வினும் இல்லறத்தைத் துறவறத்துக்குக் குறையாத அழைத்தலாக உயர்த்தியதால் மனைவிக்கும் தாய்க்கும் சமய மதிப்புக் கிடைத்தது, பெண்கள் தம் தாய்மொழியில் வேதாகமத்தை வாசிக்கத் தொடங்கினார்கள் என்பது ஒன்று. கன்னியர் மடங்கள் மூடப்பட்டதால் திருமணத்துக்கு வெளியே ஒரு பெண் மதிப்போடு வாழ்வதற்கு இருந்த வழி அடைபட்டது, கத்தோலிக்க நாடுகளில்தான் அது காக்கப்பட்டது என்பது மற்றொன்று. இரண்டுக்கும் சான்றுகள் காட்டப்படுவதால் எதை ஏற்பது என்று தெளிவாகவில்லை.

இன்னொன்றும் மனத்தை உறுத்துகிறது. இரண்டு கூற்றுகளிலும் பெண்களுக்கு ஏதோ தரப்படுகிறது, அல்லது அவர்களிடமிருந்து ஏதோ பறிக்கப்படுகிறது. தருபவரும் பறிப்பவரும் ஆண்களாகவே இருக்கிறார்கள். அந்த மாற்றங்களை உண்டாக்குவதிலும் தடுப்பதிலும் பெண்கள் தாமாக என்ன செய்தார்கள் என்பதைப் பெயரோடும் ஆண்டோடும் அறிய விரும்புகிறேன். படித்தவர்கள் விளக்கினால் நன்றியுடையவனாக இருப்பேன்.

சுவடி எழுதியது:

நெய்தல் அவர்களுக்கு, இரண்டாவதாகத் தாங்கள் எழுப்பிய கேள்வியே முதன்மையானது என்று கருதுகிறேன். அதற்கு விடை தேடினால் முதல் கேள்வியின் முரண் பெருமளவு தானே தளர்ந்துவிடும். சீர்திருத்தத் தரப்பைப் பற்றி மட்டும் நான் எழுதுகிறேன்.

1523-ஆம் ஆண்டில் பவேரியாவின் இங்கோல்ஸ்டாட் பல்கலைக்கழகம், லூத்தரின் கருத்துகளைப் பேசிய ஆர்சாசியுஸ் சேஹோஃபர் என்ற இளைஞரைத் தம் கொள்கையைக் கைவிடுமாறு கட்டாயப்படுத்தியது. ஆண்கள் எவரும் வாய் திறக்காத நிலையில், ஆர்குலா ஃபான் குரூம்பாக் என்ற குடும்பப் பெண் அப்பல்கலைக்கழகத்துக்கு நேரடியாகக் கடிதம் எழுதினார். அந்த இளைஞர் சொன்னதில் எது வேதாகமத்துக்கு மாறானது என்று எடுத்துக்காட்டுமாறு பேராசிரியர்களுக்கு அறைகூவல் விடுத்தார். தமக்கு இலத்தீன் தெரியாது என்பதால் விவாதம் ஜெர்மன் மொழியில் நடக்கட்டும் என்றும் கேட்டார். பெண்கள் அமைதியாக இருக்க வேண்டும் என்ற பவுலின் சொற்களை அவர் அறியாதவர் அல்லர். ஆனால் மனிதர் முன்னிலையில் தம்மை அறிக்கையிடுகிறவரைப் பற்றி மத்தேயு 10-ஆம் அதிகாரத்தில் கிறிஸ்து சொன்னது ஆண், பெண் என்று பிரிக்கவில்லை என்பது அவருடைய வாதம். கடிதம் அச்சாகி, குறுகிய காலத்தில் பத்துக்கும் மேற்பட்ட பதிப்புகள் கண்டது. பல்கலைக்கழகம் விடை தரவில்லை. அவருடைய கணவரோ டீட்ஃபுர்ட்டில் வகித்த அரசுப் பதவியை இழந்தார். மனைவியை அடக்கத் தவறியவர் என்ற பழியும் அவர்மேல் விழுந்தது.

ஸ்ட்ராஸ்பூர்கில் கத்தரீனா ஷூட்ஸ், மத்தேயு செல் என்ற குருவை 1523 டிசம்பரில் மணந்தார். மணம் புரிந்த குருக்களை ஆயர் திருச்சபையிலிருந்து விலக்கியபோது, குருக்களின் திருமணத்தை ஆதரித்துத் தம் பெயரிலேயே நூல் வெளியிட்டார். சமயப் பகையால் ஊரைவிட்டுத் துரத்தப்பட்டவர்களுக்கு வீடு திறந்து கொடுத்தார். 1534 முதல் 1536 வரை பொஹேமியச் சகோதரர்கள் என்ற சமயக் குழுவினரின் பாடல் நூலை மலிவான சிறு பகுதிகளாகப் பதிப்பித்தார். கைவினைஞர் வேலையிலும், பணிப்பெண் பாத்திரம் கழுவும்போதும், தாய் அழும் குழந்தையைத் தொட்டிலில் ஆட்டும்போதும் பாட வேண்டிய பாடல்கள் இவை என்று முன்னுரையில் எழுதினார். இறைவழிபாட்டின் இடத்தை ஆலயத்திலிருந்து அடுக்களைக்கு விரித்தவர்களுள் அவரை முதல் வரிசையில் வைப்பேன். 1548-இல் கணவர் இறந்தபோது கல்லறையருகே அவரே உரை நிகழ்த்தினார்.

மூன்றாமவர் மரி தாந்தியேர். தூர்னேயில் அகுஸ்தீன் சபைத் துறவியாக இருந்து, மடத்தை விட்டு வெளியேறி, ஜெனீவாவை அடைந்தவர். 1539-இல் நவார் அரசி மார்கெரித்துக்குத் திறந்த மடல் ஒன்றை எழுதி, ஆண்களுக்கு ஒரு நற்செய்தியும் பெண்களுக்கு வேறொரு நற்செய்தியுமாக நம்மிடம் இரண்டு இருக்கின்றனவா என்று கேட்டார். சீர்திருத்தம் முழுமையாக ஏற்கப்பட்டிருந்த அந்த நகரத்தின் ஆட்சி மன்றமே அந்நூலைப் பறிமுதல் செய்து, அச்சிட்டவரைச் சிறையில் அடைத்தது. ஜெனீவாவின் சீர்திருத்த நினைவுச் சுவரில் அவர் பெயர் பொறிக்கப்பட்டது 2002-இல்தான்.

இம்மூவரையும் அடுத்தடுத்து வைத்துப் பார்த்தால் ஒரு போக்குத் தென்படுகிறது. இயக்கம் இளமையாக, ஆதரவின்றி இருந்த 1520-களில், விசுவாசிகள் அனைவரும் குருக்களே என்ற கொள்கையைப் பெண்கள் அதன் முழுப் பொருளில் எடுத்துக்கொண்டார்கள். தலைவர்களும் அதைத் தடுக்கவில்லை. வழிபாட்டையும் நிர்வாகத்தையும் வகுக்கும் சபை ஒழுங்குகள் எழுதப்பட்டு, ஊர் மன்றங்கள் சமயத்தைத் தம் பொறுப்பில் எடுத்துக்கொண்டபின் அதே கொள்கை வீட்டின் எல்லைக்குள் சுருக்கப்பட்டது. எழுந்து பேசிய பெண்ணுக்குப் பதிலாகப் போதகரின் மனைவி என்ற புதிய வடிவம் முன்னிறுத்தப்பட்டது.

அந்த வடிவத்தின் முன்மாதிரி கத்தரீனா ஃபான் போரா. நிம்ப்ஷென் மடத்திலிருந்து 1523-இன் உயிர்த்தெழுதல் பெருவிழாக் காலத்தில் வேறு சில துறவியரோடு தப்பி வந்து, 1525-இல் லூத்தரை மணந்தவர். விட்டன்பர்க்கில் மடமாக இருந்த பெரிய கட்டடத்தை விடுதியாக நடத்தினார், பீர் வடித்தார், நிலம் வாங்கிப் பயிர் செய்தார், மாணவர்களும் அகதிகளும் நிறைந்த அந்த வீட்டின் வரவுசெலவு அவர் கையிலேயே இருந்தது. லூத்தர் 1542-இல் எழுதிய உயிலில், அன்றைய வழக்கத்துக்கு மாறாக, மனைவியையே தம் உடைமைக்கு உரியவராக்கினார். ஆனால் 1546-இல் அவர் இறந்தபின் அந்த உயில் சாக்சனிச் சட்டத்தின்முன் நிற்கவில்லை. கைம்பெண்ணுக்கும் பிள்ளைகளுக்கும் ஆண் காப்பாளர்கள் நியமிக்கப்பட்டார்கள். திருமணத்தைப் போற்றிய இறையியல், மனைவியின் சொத்துரிமைச் சட்டத்தைத் தொடவில்லை என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று எனக்குத் தெரியவில்லை.

பெற்றவற்றையும் சொல்ல வேண்டும். 1525-இல் சூரிச்சில் அமைந்த திருமண நீதிமன்றமும் அதைப் பின்பற்றிய பிற மன்றங்களும், விபசாரம், கைவிட்டுப் போதல் போன்ற காரணங்களுக்காக மணமுறிவையும் மறுமணத்தையும் அனுமதித்தன. கேட்டுப் பெற்றவர்கள் சிலரே ஆயினும், கத்தோலிக்க நாடுகளில் அந்த வாயில் இல்லை. சிறுமிகளும் நாளுக்கு ஒரு மணி நேரமாவது பள்ளிக்குச் செல்ல வேண்டும் என்று லூத்தர் 1524-இல் நகர மன்றங்களுக்கு எழுதினார். லூத்தரின் உடன்பணியாளர் பூகன்ஹாகன் வகுத்த சபை ஒழுங்குகளில் பெண்பிள்ளைகளுக்கான பள்ளிகள் இடம்பெற்றன.

மாடவிளக்கு எழுதியது:

சுவடி அவர்களின் விளக்கம் மிகச் செறிவானது. எனினும் இரண்டு இடங்களில் மாறுபட விரும்புகிறேன்.

முதலாவது, தொடக்கத்தில் திறந்திருந்தது, பிறகு அடைபட்டது என்ற ஓட்டம் பிறப்பாலும் பதவியாலும் உயர்ந்திருந்த பெண்களுக்குப் பொருந்தாது. வட ஜெர்மனியின் கலன்பெர்க் நாட்டுக் கோமகள் எலிசபெத், கணவர் இறந்த 1540 முதல் மகன் பொறுப்பேற்ற 1545 வரை ஆட்சி செய்து, அந்தோனியுஸ் கோர்வினுஸ் என்பவரின் துணையோடு 1542-இல் சபை ஒழுங்கை வெளியிட்டார். கணவரின் மறைவுக்குப் பிந்தைய ஐந்தாண்டுகளில் ஒரு நாட்டின் சமயத்தையே மாற்றியவர் அவர். பின்னர் மகன் கத்தோலிக்கத்துக்குத் திரும்பி அதே கோர்வினுஸைச் சிறையிட்டபோது அந்த வலியையும் தாங்கினார். குவெட்லின்பூர்கில் பேரரசரைத் தவிர எவருக்கும் கட்டுப்படாத மடத்தலைவி அன்னா ஃபான் ஸ்டோல்பெர்க், 1539-க்குப் பின் தம் ஆட்சிப்பகுதியில் லூத்தரியத்தைத் தாமே நிறுவினார். மடம் மூடப்படவில்லை. அடுத்து வந்த மடத்தலைவியரும் லூத்தரியராகவே இருந்து, பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கம் வரை அந்தச் சிறு நாட்டை ஆண்டார்கள். சீர்திருத்தம் வந்த இடமெல்லாம் மடங்கள் அழிந்தன என்பது ஆகவே சரியன்று. லூனபூர்க் பகுதியின் எப்ஸ்டோர்ஃப், வீன்ஹவுசன் போன்ற மடங்களின் பெண்கள் கோமகன் எர்ன்ஸ்ட்டின் நெருக்குதலைப் பல ஆண்டுகள் எதிர்த்து நின்றார்கள்; இறுதியில் சமயத்தை மாற்றிக்கொண்டார்களே தவிரக் கூட்டு வாழ்வை விடவில்லை. அம்மடங்கள் இன்றும் புராட்டஸ்டண்டுப் பெண்களின் இல்லங்களாக நீடிக்கின்றன.

இரண்டாவது, மடத்தை விட்டு வெளியேறியவர்களைப் பற்றியே சுவடி அவர்கள் எழுதியிருக்கிறார். வெளியேற மறுத்தவர்களும் அதே அளவு தம் மனச்சான்றின்படி நடந்தவர்கள். நூரன்பெர்க் புனித கிளாரா மடத்தின் தலைவி காரித்தாஸ் பிர்க்ஹைமர், இலத்தீன் கற்றவர். மனிதநேய அறிஞர் வில்லிபால்டின் சகோதரி. 1525-இல் நகரம் சீர்திருத்தத்தை ஏற்றபோது, அம்மடத்துக்கு வந்துகொண்டிருந்த பிரான்சிஸ்கன் குருக்கள் தடுக்கப்பட்டார்கள். சீர்திருத்தப் போதகர்களின் மறையுரைகளைக் கேட்கத் துறவியர் கட்டாயப்படுத்தப்பட்டார்கள். அவ்வாண்டு ஜூன் மாதம் மூன்று இளந்துறவியரை அவர்களின் தாய்மார்களே, அத்துறவியர் அழுது எதிர்த்த நிலையிலும், மடத்திலிருந்து இழுத்துச் சென்றதைக் காரித்தாஸ் தம் குறிப்புகளில் பதிவு செய்திருக்கிறார். மனச்சான்றின் உரிமையைப் பேசி எழுந்த இயக்கத்தின் முன்னால், அதே உரிமையைத் தமக்கும் கேட்டவர் அவர். அவ்வாண்டு இறுதியில் அங்கு வந்த, லூத்தரின் நெருங்கிய உடன்பணியாளரான மெலாங்தன் அவரோடு உரையாடி, வன்முறை வேண்டாம் என்று நகர மன்றத்துக்கு அறிவுறுத்தினார். மடம் உடனே மூடப்படவில்லை. புதிதாக எவரையும் சேர்க்கக் கூடாது என்ற தடை மட்டும் நீடித்ததால், இருந்தவர்கள் ஒவ்வொருவராக இறந்து அது முடிவுற்றது.

ஜெனீவாவில் மரி தாந்தியேர் கிளாரா சபை மடத்துக்குள் சென்று, வெளியே வருமாறு துறவியரை வற்புறுத்தினார். அதை எதிர்த்தரப்பிலிருந்து எழுதி வைத்தவர் அம்மடத்தின் ஜான் தெ ஜுஸ்ஸி என்ற துறவி. தாந்தியேருக்கு விடுதலையாகத் தோன்றியது ஜான் தெ ஜுஸ்ஸிக்கு அத்துமீறலாகத் தோன்றியது. 1535 ஆகஸ்டில் ஒருவர் நீங்கலாக அத்துறவியர் எல்லாரும் நகரை விட்டு நடந்தே அன்னெசிக்குப் புறப்பட்டார்கள். அவர்களுள் சிலர் பல ஆண்டுகளாக மடத்து வாயிலைத் தாண்டாதவர்கள். நெய்தல் அவர்கள் கேட்ட வகையில், மாற்றத்தை உண்டாக்கிய பெண்ணும் தடுத்த பெண்ணும் நேருக்கு நேர் பேசிய நிகழ்ச்சி இது.

திருநீலம் எழுதியது:

கத்தோலிக்கத் தரப்பைப் பற்றிச் சேர்க்கிறேன். சுவடி அவர்கள் கண்ட போக்கு இங்கும் உண்டு. இன்னும் கூர்மையாகவே உண்டு.

அஞ்சலா மெரிசி 1535 நவம்பரில் பிரேஷியாவில் 28 பெண்களோடு புனித ஊர்சுலாவின் குழுவைத் தொடங்கினார். அவர்கள் மடத்தில் வாழவில்லை. தத்தம் வீடுகளிலேயே இருந்து, மணம் புரியாமல், இறைப்பணியாற்றினார்கள். தலைமையும் பெண்களிடமே இருந்தது. இது, சீர்திருத்தத்துக்கு விடையாகக் கத்தோலிக்கத் திருச்சபை கூட்டிய திரெந்து பொதுச்சங்கத்துக்கு முன்பே பெண்கள் தாமாகக் கண்ட வடிவம். 1563 டிசம்பரில் அச்சங்கம் தன் இறுதி அமர்வில் கன்னியர் மடங்களுக்கு அடைப்பை, அதாவது துறவியர் மடத்தை விட்டு வெளியே செல்லாமல் வாழும் ஒழுங்கை, உறுதிப்படுத்தியது. 1566-இல் திருத்தந்தை ஐந்தாம் பயஸ், எளிய வார்த்தைப்பாடு (முழுத் துறவற உறுதிமொழியைவிடக் கட்டுப்பாடு குறைந்த உறுதிமொழி) எடுத்து வெளியே பணியாற்றியவர்களையும் அந்தச் சுவருக்குள் கொண்டுவர ஆணையிட்டார். பிரான்சில் ஊர்சுலா சபையினர் பதினேழாம் நூற்றாண்டில் அடைப்பு மடத்தினர் ஆனார்கள். ஆனால் சிறுமிகளுக்குக் கற்பிப்பதை நான்காவது வார்த்தைப்பாடாக எடுத்து, பள்ளியையே சுவருக்குள் அழைத்துக்கொண்டார்கள். 1639-இல் அவர்களுள் ஒருவரான மனிதாவதார மரியா கடல் கடந்து கியூபெக்கில் பள்ளி தொடங்கினார்.

அவிலா தெரேசாவைப் பற்றிப் பேசும்போது அவருடைய இறைக்காட்சிகளோடு நின்றுவிடுகிறோம். அவர் எதற்கு நடுவில் வேலை செய்தார் என்பதை மறக்கிறோம். அவருடைய பாட்டனார் யூத மதத்திலிருந்து மாறியவர். தொலேதோவில், சமயக் கொள்கை மீறலை விசாரித்த திருச்சபை விசாரணை மன்றத்தின் தண்டனைக்கு உள்ளானவர். 1559-இல் ஸ்பெயினின் தடைநூல் பட்டியல், பெண்கள் படிக்கக்கூடிய தாய்மொழிச் செப நூல்களில் பலவற்றை விலக்கியது. இலத்தீன் அறியாத தெரேசா, தம் சகோதரியருக்குத் தாமே நூல் எழுதினார். அவற்றுள் ஒன்றின் முதல் வடிவத்தில், இவ்வுலக நீதிபதிகள் ஆதாமின் மைந்தர்கள், எல்லாரும் ஆண்கள், பெண்ணின் எந்த நற்பண்பையும் ஐயத்தோடுதான் பார்க்கிறார்கள் என்று கடவுளிடம் முறையிடும் பகுதி இருந்தது. அதைச் சரிபார்த்தவர் அடித்துவிட்டார். 1562-இல் அவிலாவில் தொடங்கி 1582-இல் இறக்கும் வரை 17 மடங்களை நிறுவினார். அடைப்பை அவர் தாமே விரும்பினார் என்பதைக் கவனிக்க வேண்டும்: பெரும் வள்ளல்களின் தலையீடும் உறவினரின் ஓயாத வருகையும் இல்லாத சிறு குழுவே செபத்துக்கு உகந்தது என்று கண்டவர் அவர். தாமே தேர்ந்துகொண்ட சுவரும் பிறர் எழுப்பிய சுவரும் ஒன்றாகிவிடா.

பிறர் எழுப்பியதற்குச் சான்று வெனிஸ். திரெந்து சங்கம், பெண்ணைக் கட்டாயப்படுத்தி மடத்தில் சேர்ப்பவரைத் திருச்சபையிலிருந்து விலக்கும் தண்டனையையும், வார்த்தைப்பாட்டுக்கு 16 வயது நிறைவையும் விதித்திருந்தது. ஆனாலும் திருமணச் சீர்வரிசைச் செலவைத் தவிர்க்க விரும்பிய குடும்பங்கள் மகள்களை மடத்துக்கு அனுப்புவது நிற்கவில்லை. அவ்வாறு அனுப்பப்பட்ட அர்காஞ்சலா தராபொத்தி, தந்தையரின் வஞ்சகத்தைக் கண்டித்து மடத்துக்குள்ளிருந்தே எழுதினார். அவர் இறந்தபின் 1654-இல் வெளியான அந்நூல் தடைப்பட்டியலில் சேர்க்கப்பட்டது. மாடவிளக்கு அவர்கள் காட்டிய காரித்தாஸையும் இவரையும் சேர்த்தே படிக்க வேண்டும்.

எனக்கு மிகவும் நெருக்கமானவர் மேரி வார்டு. இங்கிலாந்திலிருந்து வெளியேறி, 1609-ஐ ஒட்டி செயிண்ட் ஓமரில் தோழியரோடு வாழத் தொடங்கினார். இயேசு சபையின் சட்டங்களையே பெண்களுக்கும் கேட்டார்: அடைப்பு வேண்டாம், ஆயரின் கீழ் அல்லாமல் பெண் தலைவியின் கீழ் இயங்க வேண்டும், நேரடியாகத் திருத்தந்தைக்கு மட்டுமே கட்டுப்பட வேண்டும். பல நாடுகளில் பள்ளிகள் எழுந்தன. 1631 ஜனவரியில் திருத்தந்தை எட்டாம் உர்பான் அச்சபையைக் கலைத்தார். மேரி வார்டு மியூனிக்கில் ஒரு மடத்தில் காவலில் வைக்கப்பட்டு, எலுமிச்சைச் சாற்றால் எழுதிய கடிதங்கள் வழியே தோழியரை வழிநடத்தினார். அவர் 1645-இல் இறந்தார். அவரையே நிறுவனர் என்று சொல்ல உரோமை அனுமதித்தது 1909-இல்.

அதே நூற்றாண்டில் லூயிஸ் தெ மரிலாக்கும் வின்சென்ட் தெ பவுலும் வேறு வழி கண்டார்கள். 1633-இல் பாரிஸில் தொடங்கிய பிறரன்புப் புதல்வியர் குழுவினர், ஆண்டுதோறும் புதுப்பிக்கும் தனி வார்த்தைப்பாட்டை மட்டும் எடுத்தார்கள். நாங்கள் துறவியர் அல்லர் என்று ஆயரிடமே சொல்லுமாறு அவர்களுக்குக் கற்பிக்கப்பட்டது. சட்டத்தின் கண்ணில் துறவியர் அல்லாதவரை அடைப்புக்குள் வைக்க முடியாது. மருத்துவமனைகளிலும் ஏழைகளின் வீடுகளிலும் அவர்கள் தடையின்றிப் பணியாற்றினார்கள். பெரும்பாலும் சிற்றூர்ப் பெண்களைக் கொண்ட அக்குழு பெற்ற வெற்றியை, உயர்குடியில் பிறந்த மேரி வார்டு கேட்ட உரிமையோடு ஒப்பிட்டுச் சிந்திக்கலாம்.

நெய்தல் எழுதியது:

மூவருக்கும் நன்றி. இதில் வந்த பெண்கள் பெரும்பாலும் எழுதத் தெரிந்தவர்கள், அல்லது ஒரு நிறுவனத்தின் தலைமையில் இருந்தவர்கள். மடத்தையும் அரண்மனையையும் சாராத, நூல் எழுதாத பெண்கள் இம்மாற்றத்தில் எங்கே இருந்தார்கள் என்று யாராவது சொல்ல இயலுமா?

சுவடி எழுதியது:

அவர்களைப் பெரும்பாலும் நீதிமன்றப் பதிவுகளில்தான் காண்கிறோம், அதுவும் தண்டிக்கப்பட்டபோது. நெதர்லாந்தின் லேவார்டனில் 1549-இல் மூழ்கடித்துக் கொல்லப்பட்ட எலிசபெத் டிர்க்ஸ் என்ற அனபாப்டிஸ்டுப் பெண் (குழந்தைகளுக்கு அன்றி, நம்பிக்கையை அறிக்கையிடும் பெரியவர்களுக்கே ஞானஸ்நானம் என்ற குழுவினர்), சித்திரவதைக்கு நடுவிலும் தமக்குக் கற்பித்தவர்களின் பெயர்களைச் சொல்ல மறுத்தார். அவருடைய விடைகள் விசாரணை உரையாடலாகப் பாதுகாக்கப்பட்டிருக்கின்றன.

பிரசவ அறை மற்றோர் இடம். இறக்கும் நிலையிலுள்ள குழந்தைக்கு மருத்துவச்சி ஞானஸ்நானம் கொடுக்கும் பழைய வழக்கத்தைக் கத்தோலிக்கரும் லூத்தரியரும் காத்தார்கள். கால்வின் அதை மறுத்தார். கோட்பாட்டு மட்டத்தில் கால்வினுக்கு வலுவான காரணம் இருந்தது: குழந்தையின் மீட்பு அந்தத் தண்ணீரைச் சார்ந்ததன்று என்று அவர் நம்பினார். ஆயினும், திருச்சபையின் அருளடையாளம் ஒன்றை ஒரு பெண் தன் கையால் நிறைவேற்றக்கூடிய ஒரே தருணம் அதனால் மறைந்தது. பேறுகாலத்தில் புனித மார்கரெட்டையும் மரியாவையும் அழைத்த வழக்கமும் சீர்திருத்த ஊர்களில் கண்டிக்கப்பட்டது.

இங்கிலாந்தைப் பார்த்தால் இல்லத்தரசியின் ஆற்றல் புலப்படும். 1581-ஆம் ஆண்டுச் சட்டம், ஆங்கிலிக்கன் வழிபாட்டுக்கு வராதவர்களுக்கு மாதம் 20 பவுண்டு தண்டம் விதித்தது. ஆனால் மணமான பெண்ணுக்குத் தனிச் சொத்து இல்லையாதலால் அவளிடமிருந்து அதை வசூலிப்பது கடினமாக இருந்தது. பல கத்தோலிக்கக் குடும்பங்களில் கணவர் ஞாயிறுதோறும் ஆலயத்துக்குச் சென்று சட்டத்தை நிறைவு செய்ய, மனைவி வீட்டிலிருந்து குருக்களை ஒளித்து வைத்து, பிள்ளைகளுக்கு மறைக்கல்வி தந்து, திருப்பலிக்கு ஏற்பாடு செய்தார். சொத்துரிமை மறுக்கப்பட்டதே இங்கு ஒரு கேடயமானது. 1610-இல் நாடாளுமன்றம் அந்த இடைவெளியை அடைக்க முனைந்து, கணவர் மாதம் 10 பவுண்டு கட்டாவிட்டால் மனைவியைச் சிறையிடலாம் என்று சட்டம் இயற்றியது.

யார்க் நகரில் இறைச்சி வணிகரின் மனைவியான மார்கரெட் கிளித்தரோ இவ்வகைப் பெண்களுள் ஒருவர். கணவர் சட்டப்படியான சபையில் இருந்தார். குருக்களுக்கு அடைக்கலம் தந்ததாகக் குற்றம் சாட்டப்பட்டபோது, விசாரணை நடந்தால் தம் பிள்ளைகளே சாட்சி சொல்ல நேரும் என்பதால் அவர் குற்றச்சாட்டுக்கு விடையளிக்க மறுத்தார். விடையளிக்க மறுப்பவருக்குரிய சட்டப்படி, 1586 மார்ச் 25 அன்று பாரம் ஏற்றி நசுக்கிக் கொல்லப்பட்டார். நாற்பது ஆண்டுகளுக்கு முன், 1546-இல், திருவிருந்தைப் பற்றிய சீர்திருத்தக் கருத்துக்காக ஆன் ஆஸ்கியூ இலண்டனின் ஸ்மித்ஃபீல்டில் எரிக்கப்பட்டார். உறுப்புகளை இழுத்துச் சிதைக்கும் வதைக்கு உள்ளானதால் நடக்க இயலாமல் நாற்காலியில் வைத்துக் கொண்டுசெல்லப்பட்டார். உடன் நம்பிய பெண்களின் பெயர்களைக் கேட்டுத்தான் அவரை வதைத்தார்கள். அவர் எவர் பெயரையும் சொல்லவில்லை. கிளித்தரோவின் மகள் ஆன் பின்னர் லூவேனில் துறவியானார்.